நீ மண்ணுக்குள் போன மாலையில் நான் இருந்த ஊர்

என் அம்மாவுக்கு, உன் எஸ்தர் எழுதுகிறேன்.

நேரில் ஒருநாளும் உன்னை நான் 'நீ' என்று கூப்பிட்டதில்லை. 'வாங்கம்மா', 'சாப்ட்டீங்களாம்மா' என்றுதான் இத்தனை வருடமும் பேசினேன். இந்தக் கடிதத்தில் மட்டும் 'நீ' என்று எழுதிக்கொள்கிறேன். இருக்கிற தூரமே போதும், மரியாதையும் சேர்ந்து உன்னை இன்னும் தள்ளி வைக்க வேண்டாம் என்று தோன்றியது. கோபித்துக்கொள்வாயா?

நீ போய் ஒரு வருடம் ஆகிவிட்டது. உன் அடக்கத்துக்கு நான் வரவில்லை. ஏன் வரவில்லை என்பதைச் சபையில் ஒரு விதமாகப் பேசிக்கொள்கிறார்கள், சொந்தத்தில் வேறு விதமாக. உனக்கு இப்போது எல்லாம் தெரியும் என்று போதகர் சொல்கிறார். இருந்தாலும் நீ என் வாயால் கேட்க வேண்டும்.

நேபாளத்துக்கு மலையில் நடக்கப் போகிறேன் என்று சொன்ன அன்று பெரியம்மா சிரித்தது நினைவிருக்கிறதா? பம்ப் கம்பெனியில் நாளெல்லாம் கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து வரைபடம் போடுகிறவளுக்கு இமயமலை எதற்கு என்று கேட்டார்கள். நீ சிரிக்கவில்லை. ஈரோட்டு மிஷன் ஆஸ்பத்திரியில் நின்றே காலம் கழித்த நர்ஸ் நீ. என்னை நாற்காலியில் உட்காரவைத்து, என் முட்டி இரண்டையும் அமுக்கிப் பார்த்தாய். "ஏறுறப்பத் தெரியாது கண்ணு. எறங்கறப்பத்தான் வலிக்கும். மெதுவா எறங்கு" என்றாய். உனக்கு அப்போது ஒரு நோயும் இல்லை. பிரஷர் மாத்திரை ஒன்று, அவ்வளவுதான். பீளமேட்டு வீட்டில் தம்பி டேவிட் கூட இருந்தான். நிம்மதியாகத்தான் கிளம்பினேன்.

எவரெஸ்ட் பக்கம் நான் போகவில்லை. அந்த வழியில் காந்திபுரம் பஸ் ஸ்டாண்டு மாதிரி கூட்டம் என்று போய்வந்தவர்கள் சொன்னார்கள். அதற்கு மேற்கே ரோல்வாலிங் என்று ஒரு பள்ளத்தாக்கு இருக்கிறது. ஷெர்பாக்களின் ஊர்கள், நடுவே ஒரு ஆறு, இரண்டு பக்கமும் பனிமலை. வழியில் ஆளே இல்லை. என்னுடன் வந்தது நிமா என்ற வழிகாட்டி மட்டும். அந்தப் பள்ளத்தாக்கிலேயே பிறந்தவர், என் வயதுக்காரர். இந்தியும் கொஞ்சம் ஆங்கிலமும் கலந்து பேசிக்கொண்டோம்.

கீழே சிமிகாவ் என்ற ஊரில் ராகி விளைந்து நின்றது. நீ பார்த்திருந்தால் வரப்பில் இறங்கி ஒரு கதிரை ஒடித்துக் கையில் கசக்கியிருப்பாய். உன் அப்பாவும் அம்மாவும் அடுத்தவர் காட்டில் கூலிக்கு ராகி அறுத்த கதையை நிமாவிடம் சொன்னேன். அவர் தன் அப்பா அடுத்தவர் சுமையைத் தூக்கிக்கொண்டு மலை ஏறிய கதையைச் சொன்னார். அதற்கு மேல் காடு. பாசி பிடித்த மரங்கள், நாள் முழுக்க ஆற்றின் இரைச்சல். காடு முடிந்த இடத்தில் பேதிங் என்ற ஊர் வந்தது. கல் வீடுகள், சின்னதாக ஒரு புத்தர் கோயில், தலைக்கு மேல் கௌரிசங்கர் சிகரம்.

அங்கே தாவா லாமு என்ற அம்மாவின் வீட்டில் தங்கினோம். நடக்க வருகிறவர்களுக்கு அறை விட்டுச் சாப்பாடும் போடுகிற வீடு. அறுபது வயது கடந்தவர். நான் உள்ளே நுழைந்ததும் என் விரலைப் பிடித்து நகத்தை அமுக்கினார். வெளுத்த நகத்துக்கு ரத்தம் திரும்புகிறதா என்று பார்த்தார். உயரம் ஒத்துக்கொள்கிறதா என்று இப்படித்தான் பார்ப்பார்களாம். உன் வார்டில் நீ செய்ததைத்தான் அவரும் செய்தார். உடம்பு பழகுவதற்காக அங்கே ஒரு நாள் கூடுதலாக இருந்தோம். அவித்த உருளைக்கிழங்கைத் தோல் உரித்து, மிளகாய்த் துவையலைத் தொட்டுச் சாப்பிடச் சொல்லித் தந்தார். நன்றாக இருந்தது அம்மா.

அடுத்த ஊரின் பெயர் நா. நம் பாஷையில் நா என்றால் நாக்கு என்று சொன்னபோது நிமா தன் நாக்கை நீட்டிக் காட்டிச் சிரித்தார். அதுதான் அந்தப் பயணத்தில் நான் கடைசியாக வாய்விட்டுச் சிரித்தது.

மறுநாள் காலை நாவிலிருந்து ஏறிப் போய், பனி உருகி நிற்கும் ஏரியைப் பார்த்தோம். சாம்பல் நிறத் தண்ணீர். மத்தியானம் ஊருக்குத் திரும்பினால் தாவா லாமுவின் கணவர் பசாங் ஒரு கல் சுவரில் சாய்ந்து காத்துக்கொண்டிருந்தார். பேதிங்கிலிருந்து எனக்காக ஏறி வந்திருக்கிறார். நிமாவைத் தனியே கூப்பிட்டுப் பேசினார். நிமா என்னிடம் வந்து, "மேடம், வீட்டுக்குப் போன் பண்ண வேண்டும். இங்கே சிக்னல் இல்லை. கீழே போவோம்" என்றார். என்ன விஷயம் என்று கேட்டேன். அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை. என் பையை எடுத்துத் தன் பையோடு சேர்த்துக் கட்டிக்கொண்டார். அப்போதே எனக்குத் தெரிந்துவிட்டது.

மெதுவாக இறங்கு என்று நீ சொன்னதை நான் கேட்கவில்லை. பேதிங் போய்ச் சேர்ந்தபோது மலை நிழல் ஊர் மேல் விழுந்திருந்தது. தாவா லாமு வீட்டுப் போனிலிருந்து டேவிட்டைக் கூப்பிட்டேன்; காலையில் அவன் கூப்பிட்டதும் நான் தந்திருந்த அந்த எண்ணுக்குத்தான்.

"அக்கா, அம்மா போய்ட்டாங்கக்கா" என்றான் டேவிட். "காலைல இட்லி சாப்ட்டுப்போட்டு சேர்ல உக்காந்திருந்தாங்க. தூங்கறாங்கன்னு நெனச்சேன். கூப்ட்டா எந்திரிக்கல."

வலித்ததா என்று கேட்டேன். இல்லை என்றான். பிறகு, "நீ வாரவரைக்கும் வெச்சிருக்கலாம்னு பாஸ்டர்கிட்டச் சொல்லிப்போட்டேன். ஐஸ் பொட்டிக்கும் சொல்லியாச்சு. பொறப்பட்டு வா" என்றான்.

நடந்து கீழே இறங்க வேண்டும், பிறகு ஜீப், பிறகு காட்மாண்டு, அங்கிருந்து விமானம். எப்படி ஓடினாலும் நாலைந்து நாள் ஆகிவிடும். பக்கத்துத் தெருவில் இறந்துபோன ஒருவரை, வெளிநாட்டிலிருந்து மகன் வரட்டும் என்று நாள் கணக்கில் வைத்திருந்தார்களே, அங்கே போய்வந்து நீ பின்வாசலில் கால் கழுவிக்கொண்டே எங்கள் இருவரிடமும் சொன்னாய். "என்னைய இப்புடிப் பண்ணிப்போடாதீங்க சாமி. யாருக்காகவும் காக்க வெக்காதீங்க. வெளிச்சம் இருக்கறப்பவே கொண்டுபோய் மண்ணுல வெச்சுப்போடுங்க." எத்தனையோ உடல்களைத் துடைத்துத் துணி சுற்றி அனுப்பியவள் நீ. சும்மா சொன்ன பேச்சு இல்லை அது.

"வேண்டாம் கண்ணு. நாளைக்கே அடக்கம் பண்ணிரு" என்றேன்.

"என்னக்கா பேசறே? நீயில்லாம எப்புடி?"

"அம்மா சொன்னது உனக்கும் தெரியுமல்ல?"

"அது சும்மா வாய்க்கு வந்ததச் சொன்னாங்க. பெத்த புள்ள நீ வராம மண்ணு போடச் சொல்றியா?"

"ஆமாம் டேவிட்."

அவன் அழும் சத்தம் கேட்டது. "செரி, உன்ற இஷ்டம். நாளைக்குச் சாயந்தரம் நாலு மணிக்கு" என்றான். வைத்துவிட்டான்.

சமையலறை அடுப்பின் முன்னால் உட்கார்ந்து கத்தி அழுதேன். தாவா லாமு ஓடி வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார். நிமாவிடம் மெதுவாக ஏதோ சொன்னார். நிமா தயங்கித் தயங்கி எனக்குச் சொன்னார். "சத்தமாக அழ வேண்டாம் என்கிறார். போகிறவருக்குக் கேட்கும். திரும்பிப் பார்ப்பார். வழி தப்பிவிடும். எங்கள் நம்பிக்கை அது."

எனக்குக் கோபம் வந்தது. "திரும்பிப் பாக்கட்டும்" என்று தமிழில் கத்தினேன். "திரும்பி வரட்டும்." அங்கே ஒருவருக்கும் தமிழ் தெரியாது. ஆனால் தாவா லாமு இன்னும் நெருங்கி வந்தார். என் முதுகில் கை வைத்தபடி, நான் ஓயும்வரை அப்படியே உட்கார்ந்திருந்தார்.

நான் உடனே கிளம்பியிருக்கலாம் என்று நீ நினைக்கலாம். காலையில் நிமாவும் கேட்டார். இறங்க ஆரம்பித்தால் உன் அடக்க நேரத்தில் காட்டுக்குள் எங்கேயோ நடந்துகொண்டிருப்பேன். அந்த நேரத்தில் நின்று ஜெபம் செய்ய எனக்கு ஒரு வீடு வேண்டியிருந்தது. இன்று இங்கேயே இருக்கிறேன், நாளை இறங்குவோம் என்றேன்.

வெயில் வந்ததும் தாவா லாமு என் கையைப் பிடித்து ஊருக்கு மேலே கூட்டிப் போனார். அங்கே கல்லால் கட்டிய சின்னச் சின்ன நினைவு மேடைகள் இருந்தன. ஒன்றின் முன்னால் நின்று, உடைந்த இந்தியில் சொன்னார். "என் பெரிய மகன். மலை ஏறுகிறவர்களுக்கு வேலைக்குப் போனான். மேலேயே இருந்துவிட்டான்."

"கொண்டுவரவில்லையா?"

"முடியவில்லை. பனி மூடிவிட்டது." மேடையின் மேலிருந்த சருகைத் தட்டிவிட்டார். "அழாதே என்றார்கள். அவனுக்கு வழி தப்பும் என்றார்கள். அழவில்லை."

உன்னை மண்ணில் வைக்க டேவிட் இருக்கிறான், உன் நெற்றியைத் தொட்டுப் பார்க்க ஆள் இருக்கிறது என்று அப்போதுதான் உறைத்தது. அந்த அம்மாவுக்கு அதுவும் கிடைக்கவில்லை.

நேபாளக் கடிகாரம் நம்முடையதைவிடக் கால் மணி முன்னால் ஓடும். நம் நாலு மணி எது என்று கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டு எழுந்து நின்றேன். தாவா லாமு சாமி மாடத்தில் ஒரு நெய் விளக்கு ஏற்றினார். "உங்கள் சாமிக்கு இது ஆகுமா?" என்று நிமாவை விட்டுக் கேட்டார். ஆகும் என்றேன். நீயும் அதைத்தான் சொல்லியிருப்பாய், இல்லையா? அடக்க ஆராதனையில் நம் சபையில் பாடும் பாட்டைப் பாடினேன். அந்த உயரத்தில் மூச்சு போதவில்லை. ஒவ்வொரு வரிக்கும் நின்று நின்று பாடினேன்.

இரண்டாவது சரணத்தில் எனக்குப் பின்னால் ஒரு சத்தம் கேட்டது. தாவா லாமு அழுதுகொண்டிருந்தார். வாயைப் பொத்திக்கொள்ளவில்லை. நெஞ்சிலிருந்து, பெரிய சத்தமாக, மகனின் பெயரைச் சொல்லி அழுதார். வெளியிலிருந்து ஓடி வந்த பசாங் வாசலில் நின்று மனைவியைப் பார்த்தார். கதவைச் சாத்திவிட்டு, நாங்கள் முடிக்கும்வரை வெளியே நின்றார். நான் பாட்டை நிறுத்தவில்லை அம்மா. உனக்காக ஆரம்பித்த பாட்டை அவர் மகனுக்கும் சேர்த்துப் பாடி முடித்தேன்.

ஊருக்கு வந்த பிறகு நடந்ததைச் சொல்ல எனக்கு விருப்பமில்லை. பெரியம்மா வாசலிலேயே, "மலை முக்கியமாப் போச்சுங்களா அம்மணிக்கு?" என்று கேட்டார்கள். டேவிட், நான் கேட்டதற்கு மட்டும் பதில் சொன்னான். கரண்ட் பில் கட்டியாச்சு, கேஸ் வந்துவிட்டது, இப்படி. உன் சேர் இருந்த இடத்தைச் சுற்றிக்கொண்டு இரண்டு பேரும் ஒரே வீட்டில் நடமாடினோம். உன் சொல்லை நிறைவேற்றியதற்காகத்தான் அவனுக்கு என்மேல் கோபம் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன். அதில் எனக்கும் வீம்பு இருந்தது. நான் செய்தது சரி என்று இன்றும் நினைக்கிறேன்.

போன ஞாயிற்றுக்கிழமை உனக்கு வருட ஜெபம் முடிந்து கல்லறைத் தோட்டத்திலிருந்து வெளியே வந்தோம். எதிர் பேக்கரியைப் பார்த்து, "டீ குடிக்கலாமாக்கா?" என்றான் டேவிட். அவனாக என்னைக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. இரண்டு டீயை வாங்கிவந்து உட்கார்ந்தான். கிளாஸைத் திருப்பித் திருப்பி வைத்துக்கொண்டிருந்தான்.

"அன்னிக்கு நாலு மணிக்கு நீ என்னக்கா பண்ணிட்டிருந்தே?"

சொன்னேன். விளக்கைச் சொன்னேன், பாட்டைச் சொன்னேன், தாவா லாமு அழுததைச் சொன்னேன். டீ ஆறிப்போனது. பிறகு அவன் தன் பக்கத்தைச் சொன்னான். தூறல் போட்டதாம். உனக்கு அந்த நீலக்கரைச் சேலையைத்தான் கட்டிவிட்டார்களாம். உன்னிடம் வேலை கற்ற நர்ஸுகள் ஈரோட்டிலிருந்து வேன் பிடித்து வந்து, பெட்டியை மூடும்முன் ஒவ்வொருவராக உன் கையைத் தொட்டார்களாம். ஒரு வருடமாக எனக்குத் தெரியாத உன் அந்த நாளை அவன் எனக்குத் தந்தான்.

"கோவம் அடக்கத்துக்கில்லக்கா" என்றான் கடைசியில். "நீ சொன்னது செரிதான். அம்மா அதத்தான் கேட்டிருப்பாங்க. ஆனா எல்லாரும் போனதுக்கப்பறம் ஊட்டுக்குள்ள வந்து நின்னேன். யார்கிட்டப் பேசறதுன்னே தெரியல. அம்மா போய்ட்டாங்கன்னு அம்மாகிட்டத்தான் சொல்லோணும்போல இருந்துச்சு. நீ ஒரு போன் பண்ணுவேன்னு பாத்துட்டே இருந்தேன்."

எனக்கு அது தோன்றவேயில்லை அம்மா. என் துக்கத்தை ஒரு வேற்று ஊரில் தாங்கிப் பிடிக்க ஆள் இருந்தது. நம் வீட்டில் அவனுக்கு இல்லை. அவன் கையைப் பிடித்தேன். பேக்கரியில் ஆட்கள் பார்த்தார்கள். பார்க்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

உன்னிடம் சொல்ல வந்தது இதுதான். கடைசிவரை நீ என்னை எதற்கும் சத்தியம் செய்யச் சொன்னதில்லை. இப்போது நானாகச் சொல்கிறேன். இனி டேவிட்டை அந்த வீட்டில் தனியாக நிற்க விடமாட்டேன். அவன் பேசாமல் இருந்தால் நான் முதலில் பேசுவேன். எனக்குக் கோபம் இருந்தாலும் பேசுவேன்.

இப்படிக்கு,
உன் மூத்தவள்,
டேவிட்டின் அக்கா,
எஸ்தர்.