ஸ்டெபிக்கு ஒரு பொட்டலம்

தூத்துக்குடி
வெள்ளி, அதிகாலை

அன்புள்ள அம்மாவுக்கு,

உன் இருமல் நின்றதா? அப்பா மாத்திரையைச் சாப்பாட்டுக்குப் பிறகுதானே போடுகிறார்? நான் நலம்.

எள்ளுருண்டை வந்தது. என்னோடு இரவு வேலை பார்க்கும் ஸ்டெபிக்கும் தனிப் பொட்டலம் கட்டியிருந்தாய். நேற்று இரவு, லாரிகளுக்கு எடை போடும் என் அறையில் அதைப் பிரித்து, பக்கத்து நாற்காலியைப் பார்த்து, “எடுத்துக்கோ, அம்மா கொடுத்துவிட்டாங்க” என்றேன். எடைச் சீட்டுக்காக சன்னலில் நின்ற உப்பு லாரி ஓட்டுநர் சுடலைக்கண்ணன் அண்ணாச்சி எட்டிப் பார்த்தார்.

“ஏளா, யாருகிட்ட பேசுத? அங்கன ஒருத்தரையும் காணுமே!”

“போன்ல, அண்ணாச்சி.”

“போனு சார்ஜுல கெடக்கு. ஒனக்குத் தூக்கம் வந்துட்டு!”

சிரித்துக்கொண்டே இரண்டு உருண்டை வாங்கிப் போனார். நானும் சிரித்தேன். ஆனால் லாரி போன பிறகு வெகுநேரம் அந்த நாற்காலிப் பக்கம் திரும்ப முடியவில்லை.

அம்மா, ஸ்டெபி என்று யாரும் இல்லை. நான் தனியாக இருப்பது தெரிந்தால் நீ தூங்கமாட்டாய் என்று சொன்ன பொய் அது. நீ ஒவ்வொரு முறையும் அவளை விசாரிக்க விசாரிக்க, எனக்கும் அவள் நிஜமாகவே பக்கத்தில் வந்து உட்கார்ந்துவிட்டாள்.

போனில் சொன்னால் அழுதுவிடுவேன். அதனால்தான் கடிதம். வாசலில் லாரி ஹாரன் அடிக்கிறது. ஞாயிற்றுக்கிழமை பேசும்போது அவளைக் கேட்காதே அம்மா, என்னை மட்டும் கேள்.

உன்
இளவரசி