பக்கத்து அட்டையில் விழுந்த குண்டு

மாப்ள சங்கரபாண்டி,

நீ படிக்கப்போவதில்லை என்று தெரிந்தும், வழக்கம்போல வரிசைப்படுத்தித்தான் எழுதுகிறேன். சொல்ல வேண்டியவை மூன்று.

1. எழுபத்தோராம் வயதில் துப்பாக்கி சுடப் பழகுகிறேன்.
2. முதல் போட்டியிலேயே ஒரு தப்பு செய்தேன்.
3. கல்லூரி நாளில் இதே தப்பை உனக்கும் செய்தேன். அது உனக்குத் தெரியாது.

சிரிக்காதே. தீபாவளி வெடிக்குக் கதவைச் சாத்திக்கொள்கிற அதே ஆள்தான். உன் பதினாறாம் நாள் காரியம் முடிந்து எழுமலையிலிருந்து திருநகர் திரும்பிய வாரம், நடைப்பயிற்சிக்குப் போகும் வழியில் துப்பாக்கி சுடும் பயிற்சிக் கூடம் ஒன்றின் பலகையைப் பார்த்தேன். வயது வரம்பில்லை என்றிருந்தது. நான்கு நாள் அதைத் தாண்டிப் போனேன். ஐந்தாம் நாள் உள்ளே நுழைந்துவிட்டேன்.

பயிற்சியாளர் கவிதாவுக்கு முப்பது வயதிருக்கும். முதல் நாள் துப்பாக்கியைத் தொடவே விடவில்லை. கைகளை நீட்டி, விரல்களுக்கு நடுவே சின்ன இடைவெளி வைத்து, அதன் வழியே சுவர்க் கடிகாரத்தைப் பார்க்கச் சொன்னார். பிறகு இடது கண்ணை மூடச் சொன்னார். கடிகாரம் காணாமல் போனது.

"சார், கை வலது கை. ஆனா ஒங்களுக்கு எடது கண்ணுதான் மொதலாளி. வலது கண்ணால குறி பாத்தாலும் அது குறுக்க வந்து நாட்டாமை பண்ணும்."

"இம்புட்டு வருசமா எனக்கே தெரியாதேம்மா."

"இப்பத் தெரிஞ்சுருச்சுல்ல, விடுங்க."

மூக்குக்கண்ணாடியில் இடது கண்ணை மறைக்க ஒரு வெள்ளைப் பிளாஸ்டிக் துண்டைச் செருகிவிட்டார். ஒரு மாதம், குண்டு போடாத ஏர் ரைபிளைத் தூக்கிக் குறிபார்த்து இறக்குவதுதான் வேலை. கை நடுங்கினால் சுடாமல் இறக்கிவிடலாம், அது தோல்வி இல்லையாம். என்னைப் போன்றவனுக்கு வேறென்ன ஆறுதல் வேண்டும்?

போன ஞாயிற்றுக்கிழமை புதியவர்களுக்கான போட்டி. பத்து மீட்டர் தள்ளி ஆளுக்கோர் குறி அட்டை, அட்டைக்கு ஐந்து குண்டு. எனக்கு ஏழாம் எண். இடப்பக்கம் ஆறாம் எண்ணில் மேலூரிலிருந்து வந்த நர்ஸ் ஒருவர். அவர் மாவட்ட அணிக்குத் தேறும் நிலையில் இருந்தார்.

கடைசிக் குண்டு. வியர்த்துக் கொட்டியது. கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு சுட்டேன். என் அட்டையில் புது ஓட்டை எதுவும் இல்லை. குனிந்து பார்த்தால், வெள்ளைத் துண்டு என் காலடியில் கிடக்கிறது. ஆறாம் எண் அட்டையில் ஓர் ஓட்டை கூடுதலாக இருந்தது.

யாரும் கவனிக்கவில்லை. வாயை மூடிக்கொண்டிருந்தால், என் குண்டு சுவரில் போனது என்று விட்டுவிடுவார்கள், கூடுதல் ஓட்டைக்கு அந்த நர்ஸ் மாட்டிக்கொள்வார். ஆனால் கை எப்படியோ மேலே போய்விட்டது.

"என்ன சார், வெடிக்கலையா?" என்று நடுவர் வந்தார்.

"வெடிச்சிருச்சுய்யா. ஆனா அவங்க அட்டையில."

நர்ஸ் திரும்பிப் பார்த்தார். "கேட்டிருந்தா நானே ஒரு அட்டை குடுத்திருப்பேனேய்யா!"

நடுவரும் சிரித்துவிட்டார். "அந்தக் குண்டு ஒங்களுக்கு முட்டை சார். எந்த ஓட்டை யாருதுன்னு தெரியலைன்னா, கூடுதல் புள்ளி உள்ளதை அவங்களுக்கு வச்சுக்குவோம். அவங்களுக்குப் பாதகமில்ல."

அவ்வளவுதானா? இவ்வளவு சுலபமா இது? கடைசிக்கு முந்தின இடத்தோடு வெளியே வந்தேன். மார்பில் இருந்த கல் ஒன்று இறங்கியிருந்தது.

இனி மூன்றாவது. கல்லூரியில் தேசிய மாணவர் படையின் சுடும் தேர்வு. உன் வலப்பக்கம் நான் படுத்திருந்தேன். நாலாவது குண்டு போன பிறகுதான் எண்ணைப் பார்த்தேன், மூன்றாவதும் நாலாவதும் நான் சுட்டது உன் அட்டையில். ஐந்து ஓட்டை இருக்க வேண்டிய இடத்தில் ஏழு. "எவன்டா பக்கத்து அட்டையில சுட்டது?" என்று பயிற்சி தந்த ராணுவ அவில்தார் கத்தினார். உன் இரு பக்கத்திலும் பதில் இல்லை. உன் அட்டையைக் கிழித்துப் போட்டார். நீ ஆசைப்பட்ட மாநில முகாம் வேறொருவனுக்குப் போனது. அன்று பஸ்ஸுக்கு நடக்கும்போது எனக்கு நீ கடலை வாங்கிக் கொடுத்தாய். அப்போதும் நான் சொல்லவில்லை.

நேற்று எழுமலை போய் உன் மனைவி பேச்சியம்மாளிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கையிலிருந்த முறத்தைக் கீழே வைத்தார்.

"அவுகளுக்கு அன்னிக்கே தெரியும்ண்ணே. ஒங்க மூஞ்சி வெளுத்ததப் பாத்தாகளாம். 'சொன்னா அழுதுருவான்'னு விட்டுட்டாகளாம். எங்க கல்யாணப் பந்தியில நீங்க பக்கத்து இலை அப்பளத்தை நொறுக்குனீகள்ல? அப்ப எங் காதுல என்ன சொன்னாக தெரியுமா? 'பாத்தியா, இவன் இன்னும் பக்கத்து அட்டையிலதான் சுடுறான்'னாக."

இருவரும் வெகுநேரம் சிரித்தோம். நான் கொஞ்சம் அழவும் செய்தேன்.

இனி எண்ணைப் பார்த்துவிட்டுத்தான் விசையைத் தொடுவேன். தவறினால் அந்த நிமிடமே கையைத் தூக்குவேன். இது உன் மேல் சத்தியம். மேலே மூன்றாவதாக எழுதியதை அடிக்காமல் அப்படியே விடுகிறேன். ஆனால் அதன் கடைசி வரி தவறு, மாப்ள. உனக்குத் தெரியும்.

உன் வலப்பக்கத்து மாப்ள,
தர்மராசன்