துவாரத்தில் திணித்த போர்வை

டுலூத்
ஜனவரி 19

அன்புள்ள அப்பாவுக்கு,

உங்கள் முட்டிவலி தேவலையா? நான் சுகம்தான், பொறுமைதான் போய்விட்டது. வீட்டுக்கார அம்மா ஆல்மா, கோழிக்கூட்டில் காற்று போகிற துவாரத்தைப் பழைய போர்வை திணித்து அடைக்கிறார். நான் பிடுங்குகிறேன், மறுபடி திணிக்கிறார்.

"குளிரைவிட ஈரம்தாங்க கோழிக்கு ஆகாது, அதுங்க மூச்சுவிடுற ஈரம் வெளிய போகணும்" என்று தொண்டைத்தண்ணீர் வற்றச் சொல்லிவிட்டேன்.

"முப்பது வருஷமா கோழி வளக்கிறேன். உன் பாடத்தைப் பள்ளிக்கூடத்துல போய் நடத்துடி!"

நேற்றுக் காலை கூட்டுக்குள் சுவரெல்லாம் பனி பூத்திருந்தது. சேவலுக்குக் கொண்டை நுனி குளிரில் உறைந்து வெளுத்துவிட்டது. ஆத்திரத்தில் தொப்பிகூடப் போடாமல் நின்று, போர்வையைப் பிடுங்கி எறிந்து, ஒன்பது கோழிக்கும் கொண்டை உறையாமலிருக்க வாஸலின் களிம்பு தடவிவிட்டுத் திரும்பினேன். ஆல்மா என்னையே பார்த்தார்.

"எல்லாத்துக்கும் தடவினியே, உன் காதைப் பாத்தியா?"

நுனி லேசாக வெளுத்திருந்தது. பயப்படாதீர்கள், இப்போது சிவந்துவிட்டது. அவரே உள்ளங்கையால் வெகுநேரம் பொத்திக்கொண்டிருந்தார், திட்டிக்கொண்டே.

இன்று காலை பார்த்தால் போர்வை மறுபடி துவாரத்தில்!

காதை மூடும் உங்கள் பழைய தொப்பியை அனுப்புங்கள். துவைக்க வேண்டாம், அப்படியே அனுப்புங்கள். தபால் வண்டி வந்துவிட்டது.

உங்கள் மகள்,
ஸிக்னி