இரண்டாம் ரீலில் அம்மா

7 பிப்ரவரி 1965, ஞாயிறு

இப்போதுதான் வீடு வந்து சேர்ந்தேன்.

இன்று மாட்டுங்கா ஹாலில் எங்கள் சினிமா சங்கம் பழைய ஜப்பானிய ஊமைப்படம் ஒன்றைக் காட்டியது. அந்தக் காலத்தில் ஜப்பானில் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று எல்லாப் பாத்திரங்களுக்கும் பேசுவாராம். அதேபோல் தமிழில் பேசுகிறேன் என்று வாய்க்கொழுப்பில் ஒப்புக்கொண்டிருந்தேன்.

மொத்தம் மூன்று ரீல். முதல் ரீல் நன்றாகப் போயிற்று. அடுத்ததில் எடுத்த எடுப்பிலேயே கதாநாயகனின் அம்மா செத்துக் கிடந்தாள். ஆபரேட்டர் சுடலைமுத்து, மடையன், மூன்றாவதை மாட்டிவிட்டான். வேறு வழியில்லாமல் மகன் குரலில் அழுதேன். ரீல் தீர்ந்ததும் ஓடி வந்தான்.

"சார், தப்பு நடந்துபோச்சு. இனி ரெண்டாவதுதான் இருக்கு. என்ன செய்யட்டும்?"

"போடு."

திரையில் அம்மா சிரித்தபடி சோறு பரிமாறினாள். ஹாலில் சலசலப்பு. "மகன் அம்மாவை நெனச்சுப் பாக்கறான்" என்று சொல்லிவிட்டேன். சலசலப்பு அடங்கியது. யாரோ மூக்கை உறிஞ்சினார்கள்.

முன்வரிசையில் ஒரு ஜப்பானியக் கிழவர் உட்கார்ந்திருந்தார். படம் முடிந்ததும் நேரே என்னிடம் வந்தார். தொலைந்தேன் என்று நினைத்தேன். என் கையைப் பிடித்துக்கொண்டு இங்கிலீஷில் சொன்னார்: "சின்ன வயதில் இந்தப் படம் பார்த்திருக்கிறேன். அன்றைக்கு அந்த அம்மா செத்ததோடு சரி. இன்றைக்குத்தான் திரும்பி வந்தாள்."

அடுத்த ஞாயிறு தாதரில் இதே படம். ரீல் டப்பாக்களில் பெரிதாக நம்பர் எழுதச் சொல்லி சுடலைமுத்துவைத் திட்டியிருக்கிறேன். காலையில் போய், எழுத வேண்டாம் என்று சொல்லிவிடலாமா?