கூறைக்கு ஒன்றரை முழம் குறை

ஜூன் 13, திங்கள்

காலையில் தூறல், பிறகு வெயில். இன்றிலிருந்து லீவு. பள்ளிக்கூடக் குசினி வேலைக்கு இனி ஜூலையில்தான்.

செய்ய: பலகாரத்துக்குச் சீனி. இவருடைய பட்டு வேட்டி லோண்ட்ரிக்கு. குகனை முடி வெட்டச் சொல்ல. நெசவு அரை முழமாவது.

கூறைச் சேலை இதுவரை எட்டேகால் முழம் நெய்தாயிற்று. வேண்டியது பன்னிரண்டு. மகன் குகனின் கல்யாணம் 26ஆம் தேதி. நாளுக்கு அரை முழம் என்றாலும் தாராளமாகப் போதும். ஜரிகை வைத்த முந்தானையை முதலிலேயே நெய்துவிட்டதால் இனி வெறும் சிவப்புத்தான், ஊடு நூல் ஓடும் நாடாவை இப்படியும் அப்படியும் எறிந்தால் சரி.

மத்தியானம் லண்டனின் அந்தப் பக்கம் லூயிஷாமிலிருந்து சம்பந்தியம்மாவின் போன்.

"அக்கா, காஞ்சிபுரத்துப் பார்சல் வந்திட்டுதோ?"

"இன்னும் இல்லை. வந்திடும்."

"கஸ்டம்ஸில மறிச்சுப் போட்டாங்களோ தெரியாது. ஒருக்கா விசாரியுங்கோவன்."

பின்னறையில் தறி, கையில் நாடா, வாயில் பொய். எல்லாம் இவர் பார்த்த வேலை. நிச்சயதார்த்தத்தன்று கூறை எங்கே எடுக்கிறீர்கள் என்று அவர்கள் கேட்க, நான் வாய் திறப்பதற்குள் காஞ்சிபுரம் என்று சொல்லிவிட்டார். தறி என்றால் ஆட்கள் வேறு மாதிரிக் கதைப்பார்களாம்.

அவர்கள் வீட்டில் மணப்பெண் தரணிக்கு மட்டும் தெரியும். ஜனவரியில் வந்து தறியைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தாள். நிறம் பிடித்துக் கொடுத்ததும் அவள்தான். "மாமி, ஷாப்பில வாங்கினது வேண்டாம். ப்ளீஸ். அம்மாக்கு நான் பிறகு சொல்லுறன்." இன்னும் சொல்லவில்லை.

ஜூன் 15, புதன்

வெயில். ஒன்பதே கால் முழம்.

அதற்கு மேல் எழுதக் கை வரவில்லை. இருந்தாலும் எழுதுகிறேன்.

பத்து மணிக்கு நெடுக ஓடும் பாவு நூலைத் தளர்த்தி முன்னால் இழுத்தபோது, பின் உருளையில் சுற்றுகளுக்கு நடுவே வைத்த கடைசிக் கடதாசி விழுந்தது. இன்னும் மூன்று சுற்றாவது இருக்கும் என்று நினைத்திருந்தேன். குனிந்து பார்த்தால் பாவின் நுனி கட்டிய தடி வெளியே தெரிகிறது.

அளந்தேன். திரும்ப அளந்தேன். நூல் இருக்கிறது. ஆனால் தடிக்கும், இழைகளைத் தூக்கி இறக்கும் விழுதுக்கும் இடையில் நிற்கும் நூலை நெய்ய ஏலாது. இந்தத் தறியில் அந்த இடைவெளி ஏறத்தாழ ஒன்றரை முழம். நெய்யக் கூடியது பத்தரை முழத்தோடு சரி.

தரணி ஐந்தடி பத்து அங்குலம். பத்தரை முழத்தில் அவளுக்கு முன்மடிப்புக் கொய்யகமும் வராது, தோளால் முந்தானையும் விழாது.

எப்படி மறந்தேன்? ஊரில் கைத்தறி நிலையத்தில் எட்டு வருஷம் இருந்தவள் நான், அதில் மூன்று வருஷம் மற்றவர்களுக்குப் பழக்கிக் கொடுத்தவள். அங்கே பாவு முடிகிற நேரம் புதுப் பாவின் இழைகளைப் பழைய இழைகளோடு ஒவ்வொன்றாக முடிச்சுப் போட்டு இழுத்துவிடுவோம். நான் சேர்ந்த நாள் தறியில் நின்றது எனக்கு முன்னிருந்தவள் முடிச்சுப் போட்டுவிட்டுப் போன பாவு. எட்டு வருஷத்தில் ஒரு நாளும் ஒரு பாவின் முடிவை நான் கண்டதில்லை. அதனால் அந்த ஒன்றரை முழத்தைக் கணக்கிலேயே சேர்க்கவில்லை. புதிதாகப் பழகுகிற வெள்ளைக்காரிகூட இந்தப் பிழை விடமாட்டாள். இந்தத் தறியை விற்ற விம்பிள்டன் மனுஷி சொல்லவும் சொன்னாள், வீணாகிற நூலையும் சேர் என்று. எனக்குத் தெரியாததா என்று சிரித்துவிட்டு வந்தேன். திமிர்.

இவருக்குச் சொல்லவில்லை. மத்தியானம் சாப்பிடவில்லை.

ஜூன் 17, வெள்ளி

கடும் வெயில். ட்ராமில் விம்பிள்டன் கோயிலுக்கு. பிள்ளையாரிடம் கேட்டது ஒன்றே ஒன்று.

வெளியே வந்து செருப்பு எடுக்கக் குனிந்தேன். செருப்புத் தட்டுக்கு அந்தப் பக்கம் இரண்டு பெண்கள். ஒரு குரல் தெரிந்த குரல், சம்பந்தியின் தமக்கை.

"மாப்பிளையின்ர தாய் அங்கை தறியில இருந்தவவாம். அவை என்ன ஆக்கள் எண்டு வடிவா விசாரிச்சவையோ தெரியாது."

"இந்தக் காலத்தில ஆர் அக்கா அதெல்லாம் பாக்கினம்?"

"பாக்க வேண்டாம். கேட்டு வைக்கிறதில என்ன பிழை?"

குனிந்தபடியே நின்றேன், அவர்கள் கார் எடுக்கும் வரை. நிலையத்தில் எல்லாச் சாதி வீட்டுப் பெண்களும்தான் இருந்தோம், ஒரே பானையில் தேத்தண்ணி குடித்தோம். அதை அவளுக்கு விளக்கப்படுத்த வேண்டும் என்று என் மனம் அவசரப்பட்டதில்தான் எனக்கு இன்னும் கோபம். நான் ஏன் விளக்க வேண்டும்? என்ன ஆளாக இருந்தால் அவளுக்கு என்ன?

வீட்டுக்கு வந்து வெண்டிக்காய் வெட்டினேன். விரலையும் வெட்டிக்கொண்டேன். இடது பெருவிரல், நல்ல காலம் ஆழமில்லை. பட்டில் இரத்தம் படக்கூடாது. பிளாஸ்டர்.

ஜூன் 18, சனி

இவருக்குச் சொல்லிவிட்டேன். இரண்டையும், குறையையும் கோயில் கதையையும்.

கதிரையை இழுத்துப் போட்டு இருந்தார். பிறகு, "நான் அண்டைக்கே சொன்னனான். டூட்டிங் கடையில நல்லதா ஒண்டு எடுப்பம். காஞ்சிபுரம் எண்டு சொன்னதும் பொய்யாப் போகாது."

"தரணிக்கு என்ன சொல்லுறது?"

"அந்தப் பிள்ளைக்கு விளங்கும்."

"எனக்கு விளங்கேல்லை. ஆறு மாசமா நெய்யிறன். நீங்கள் ஒரு நாள் உள்ளுக்கை வந்து பாத்தனீங்களோ? நான் செய்யிறது களவு வேலை எண்டமாதிரிக் கதவைச் சாத்திச் சாத்தித் திரியிறியள்."

கத்திவிட்டேன். பக்கத்து வீட்டு நாய் குரைத்தது. இவர் எழுந்து தோட்டத்துக்குப் போய்விட்டார். காய்ந்து கிடந்த தக்காளிக்குத் தண்ணீர் விட்டார், அரை மணித்தியாலம்.

வந்தவர் நேரே பின்னறைக்குப் போனார். நானும் போனேன். தடியைத் தொட்டுப் பார்த்தார்.

"இந்த நுனியில வேற நூல் முடிஞ்சு நீட்ட ஏலாதோ? நாங்கள் டிப்போவில வயரை அப்பிடித்தான் நீட்டுறது."

ஏலும். அதைத்தான் மூன்று நாளாக யோசிக்கிறேன். மிஞ்சிய நூலில் வால் மாதிரி ஒரு பாவு ஓடி, இதன் நுனியோடு இழைக்கு இழை முடிந்தால் அந்த வால்தான் பின்னால் வீணாக நிற்கும். நல்ல பாவு முழுக்க முன்னால் வரும். ஆனால் இரண்டாயிரத்து எழுநூறு இழை. முடிச்சு ஒவ்வொன்றும் விழுதின் கண்ணுக்குள்ளாலும் சீப்பு மாதிரியான அச்சின் பல்லுக்குள்ளாலும் போக வேண்டும். பெரிதாக முடிந்தால் சிக்கும், சிறிதாக முடிந்தால் கழலும். பத்து இழை சேர்ந்து அறுந்தால் உள்ளதும் பழுது.

"எனக்கு வியாழன் வரைக்கும் ஷிப்ட் இல்லை," என்றார்.

ஜூன் 20, திங்கள்

வெக்கை. காய்ந்த பட்டு அறும் என்று தறிக்குக் கீழே ஈரத் துவாய்கள்.

நேற்று விடியக் காலையில் தொடங்கினோம். எனக்கு முடிச்சு கையில் இருக்கிறது, ஆனால் பெருவிரலில் பிளாஸ்டர். இவர் முதல் ஐம்பதும் பிழை. அவிழ்க்கச் சொன்னேன். முணுமுணுத்துக்கொண்டு அவிழ்த்தார். மத்தியானம் என்னை முந்திவிட்டார்! தடித்த விரல், ஆனால் வயர் வேலை செய்த விரல்.

இரண்டு பேரும் ஒரு பலகையில், தோளோடு தோள். கதை குறைவு. ஒரு தரம் மட்டும்:

"இஞ்சேரும், அந்தத் தறிக் கதையைச் சம்பந்தியின்ர அக்கா எங்க கேட்டிருப்பா?"

"தெரியாது."

"நான் ஒளிச்சபடியால்தான் அது கதையாப் போச்சு," என்றார். பிறகு அடுத்த இழை.

இன்று நாலு மணிக்கு முடிந்தது. இவருக்குப் பெருவிரல் வீங்கிப் போய்விட்டது. ஐஸ் வைத்தேன். நெசவு அரை முழம்.

ஜூன் 22, புதன்

தாலிக்குப் பொன்னுருக்கு, எங்கள் வீட்டில். நாற்பது பேர். பின்னறைக்குப் பூட்டு, திறப்புச் சாவி என் சட்டைக்குள். தட்டார் அண்ணை நல்ல நேரத்துக்குள் உருக்கிவிட்டார். வடை காணாமல் போயிற்று, அவ்வளவும் பெடியள் கூட்டம்.

சம்பந்தியும் தமக்கையும் வந்தார்கள். தமக்கை பாத்ரூம் தேடிப் போய்ப் பின்னறைக் கைபிடியைத் திருகினாள்.

"இதுக்குள்ள என்ன?"

"தட்டுமுட்டுச் சாமான்," என்றேன். பாத்ரூம் கதவைக் காட்டினேன்.

போகும்போது சம்பந்தி, இவருடைய தோளில் இருந்து எதையோ எடுத்தாள். ஒரு சாண் சிவப்புப் பட்டு நூல். வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். விரலில் சுற்றிக்கொண்டாள்.

"அப்ப கூறை வந்திட்டுதாக்கும், அண்ணை."

இவர் தலையை ஆட்டினார், ஓமா இல்லையா என்று தெரியாத ஆட்டல்.

ஜூன் 24, வெள்ளி

பின்னேரம் இடி, மழை. பட்டுக்கு நல்லது, எனக்குத் தலையிடி.

முடிச்சுகள் காலை பதினொன்றுக்கு விழுதுக்கு வந்தன. நாடாவை வைத்துவிட்டுக் கையால் கொஞ்சம் கொஞ்சமாக இழுத்தேன். இவர் லீவு போட்டுவிட்டு உருளையைப் பிடித்தார்.

"விடுங்கோ. கொஞ்சம். நில்லுங்கோ! நில்லுங்கோ எண்டா!"

ஓர் அங்குலத்துக்கு ஒரு மணித்தியாலம். அறுந்தது: விழுதில் நாலு, அச்சில் மூன்று. ஏழும் ஒட்டுப் போட்டாயிற்று. ஏழில் ஐந்து நான் போட்ட முடிச்சு. இவர் முகத்தில் ஒரு சிரிப்பு.

ஜூன் 25, சனி

காலை ஒன்பது இருபதுக்கு முடிச்சு வரிசை துணியைத் தொட்டது. அதற்கு மேல் நெய்ய நூல் இல்லை. வெட்டினேன்.

இவர் டேப் பிடித்தார். பன்னிரண்டு முழத்துக்கு நாலு விரல் குறை. நிலத்தில் அப்படியே இருந்துவிட்டேன். அழுகை வந்தது, அழுதேன்.

முடிச்சு உள்ள ஓரம் இடுப்பில் செருகும் பக்கம். இவர் அதை வெட்டிவிட வேண்டாம் என்றார். குஞ்சம் மாதிரி விட்டிருக்கிறது.

ஜூன் 26, ஞாயிறு

மண்டபத்துக்கு ஏழு மணிக்கு. பூக்காரர் பிந்தி. ஐயர் முந்தி. குகனின் தலைப்பாகை தளர்ந்து இரண்டு தரம் கட்டியது.

கூறைத் தட்டு சபைக்குப் போனது. எல்லாரும் தொட்டு ஆசீர்வதித்த பிறகுதான் பெண் உடுத்தி வருவாள், பிறகுதான் தாலி. இவர் தட்டோடு கூடவே நடந்தார். நான் பின்னால்.

பெண் வீட்டார் வரிசை. சம்பந்தி தட்டைப் பிடித்து நிறுத்தினாள். ஓரத்தைப் புரட்டினாள். முடிச்சுகளைப் பெருவிரலால் தடவினாள்.

"அண்ணை, காஞ்சிபுரத்தில எந்தக் கடை?"

மேளம் அந்த நேரம் பார்த்து நின்றிருந்தது. நான் கீழே பார்த்தேன்.

"காஞ்சிபுரம் இல்லை," என்றார் இவர். எல்லாருக்கும் கேட்கும் குரல். "மோர்டனில எங்கட வீடு. என்ர மனுசி நெய்தது. நீங்கள் தடவிற முடிச்சில பாதி நான் போட்டது." வீங்கிய பெருவிரலைத் தூக்கிக் காட்டினார்.

சம்பந்தி சிரிக்கவில்லை. இரண்டு கையையும் கூறையில் வைத்தாள், கண்ணில் ஒற்றினாள். தட்டு அடுத்ததாகத் தமக்கையிடம் போனது. அவள் ஒரு விரல் நுனியால், சூடு பார்ப்பதுபோல, தொட்டுவிட்டு எடுத்தாள்.

"அக்கா," என்றாள் சம்பந்தி. "கையை வடிவா வை."

வைத்தாள்.

தரணி உடுத்துக்கொண்டு வந்தாள். கொய்யகம் ஏழு வந்திருந்தது. முந்தானை முழங்காலுக்குக் கீழே வரை தொங்கியது. அந்த நாலு விரல் குறை ஒருவருக்கும் தெரியவில்லை.