முதலாளிக்கு நான் பேசிய வசனம்

தியாகராய நகர்,
12-8-1974

பிரியமுள்ள பேச்சியக்காவுக்கு, தம்பி இசக்கிமுத்து வணங்கி எழுதுவது. நான் சுகம். உன் முட்டிவலி தேவலையா? மருமக்கள் எல்லாரும் சுகமா?

மெட்ராஸில் என்னைக் கேட்காமல் ஒரு படமும் முடிவதில்லை. கதை, வசனம், பாட்டு, டைரக்‌ஷன், நடிப்பு என்று ஒற்றை ஆளாகச் செய்கிறாரே நம்ம முதலாளி மாணிக்கவாசகம், அவருக்கே யோசனை சொல்வது நான்தான். அவருக்குத் தொண்டையில் சின்னக் கட்டி என்று ஆபரேஷன் செய்தார்கள். பயப்படாதே, ஆள் நன்றாக இருக்கிறார். பேச்சு மட்டும் இனி வராதாம்.

படம் எடுத்தாகிவிட்டது. அவர் பேச வேண்டிய வசனம்தான் பாக்கி. பத்து வருஷமாக அவரைப் போலப் பேசிக் காட்டி எல்லாரையும் சிரிக்க வைத்தவன் நான்தானே? நேற்று மைக் முன்னால் நானே பேசினேன். சவுண்டு இன்ஜினீயர் ரகுபதி, "இன்னா நைனா, அப்டியே அவரு குரலாவே கீது!" என்று துள்ளினான். முதலாளி பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து கூடவே வாயசைத்துக்கொண்டிருந்தார். முடிந்ததும் ஒரு தாளில், "நான் பேசினதாகவே ஜனங்கள் நினைக்கட்டும், முத்து" என்று எழுதிக் காட்டினார். நான் அந்தத் தாளை மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டேன்.

கொஞ்சம் சுக்கும் கருப்பட்டியும் அனுப்பு. இங்கே எனக்குக் கஷாயம் வைத்துத் தர ஆளில்லை.

கார் வந்துவிட்டது, முடிக்கிறேன். படம் நம்ம ஊர் டாக்கீஸுக்கு வந்தால் போய்ப் பார், அக்கா. என் குரல் உனக்குத் தெரிந்துவிடும். இதுவரை நான் எழுதியதையெல்லாம் தெருவுக்கே வாசித்துக் காட்டினாய். இதை மட்டும் யாரிடமும் சொல்லிவிடாதே.

உன் தம்பி,
முத்து