ஐந்தாவது படத்தின் பாட்டு நோட்டு

என்னவருக்கு,

இங்கே எல்லோரும் நலம். நீங்களும் நலமாக இருப்பீர்கள் என்று வழக்கம்போல் எழுதக் கை வரவில்லை. ரெக்கார்டிங்குக்கென்று போன இடத்திலிருந்து பதினோரு நாளாக ஒரு போன்கூட இல்லையே.

சின்னவளுக்குக் காய்ச்சல் விட்டுவிட்டது. இந்த முறை இசையமைப்பாளர் என்று அப்பா பேர் திரையில் தனியாக வரும் என்று பெரியவள் வகுப்பு முழுக்கச் சொல்லிவைத்திருக்கிறாள்.

நேற்று மத்தியானம் தயாரிப்பாளரின் மேனேஜர் வந்தார். நாற்காலி நுனியில் உட்கார்ந்துகொண்டு தண்ணீர்கூட வேண்டாம் என்றார். "சாரோட பாட்டு நோட்டு வீட்லதான் இருக்காமே, வாங்கிட்டு வரச் சொன்னாங்க" என்றார். எதற்கு என்றேன். மழுப்பினார். நான் விடவில்லை. கடைசியில் கக்கிவிட்டார். படத்தை வாங்குகிறவர்கள் பெரிய பேராகக் கேட்கிறார்களாம். ஐந்து பாட்டும் வேறொரு பெரிய இசையமைப்பாளர் பேரில் வருமாம். உங்களுக்கு 'இசை உதவி' என்று ஒரு வரி. "சார் ஒத்துக்கிட்டாரும்மா. உங்ககிட்ட சொல்லலையா?" என்றார்.

சொல்லவில்லை என்று அவரிடம் எப்படிச் சொல்வேன்? "தெரியுமே. நோட்டைத் தேடி வைக்கிறேன், நாளைக்கு வாங்க" என்று அனுப்பிவிட்டேன். நோட்டு அவர் முதுகுக்குப் பின்னால் ஆர்மோனியத்தின் மேலேயே கிடந்தது.

அதிலிருந்து இருப்புக்கொள்ளவில்லை. மடித்த துணியையே பிரித்துப் பிரித்து மடிக்கிறேன். ஒரு சமயம் உங்கள்மேல் கோபம். நாலு படம் வந்த சுவடு தெரியாமல் போனபோதும் "அடுத்ததுல பாரு" என்று சிரித்த மனுஷன், இதை என்னிடம் மறைப்பானேன்? அடுத்த நிமிஷமே, அந்த ஓட்டல் அறையில் தனியாக எப்படிப் புழுங்குகிறீர்களோ என்று மனசு அடித்துக்கொள்கிறது.

இன்று காலை உங்களுக்கு வாசிக்கும் வயலின்காரர் வந்தார். ரெக்கார்டிங்குக்கு நீங்கள் இருக்கும் ஊருக்குத்தான் வருகிறாராம். மேனேஜர் சொன்னது உண்மையா என்று அவரிடம் கேட்டேன். "யார் பாட்டுன்னு வாசிக்கிற எங்களுக்குத் தெரியும்மா" என்றார்.

நோட்டை அவரிடமே கொடுத்தனுப்புகிறேன். மேனேஜர் வந்தால் நான் பேசிக்கொள்கிறேன். அவர் கையில் கொடுக்க என்னால் ஆகாது. கொடுப்பதானால் உங்கள் கையாலேயே கொடுங்கள். ஏன் கொடுத்தீர்கள் என்று ஒரு வார்த்தை கேட்கமாட்டேன்.

கொடுத்தாலும் சரி, மாட்டேன் என்று சண்டை போட்டாலும் சரி, முடிந்ததும் நேரே வீட்டுக்கு வந்துவிடுங்கள். வழியில் எங்கேயும் தனியாக உட்கார வேண்டாம். உங்களுக்கு ஒரு குறையும் வராது. வாருங்கள், போதும்.

உங்கள் முகம் பார்க்கக் காத்திருக்கும்,
நான்